மாடஸ்டி, டாக்டர் பாய்சன், ஏழாம் நம்பர் பெரியம்மா

சங்கரன்கோவிலில் எங்கள் காலனிச் சமுதாயக்கூடத்தில் சாயங்காலம் பிள்ளைகளுக்கு வகுப்பு எடுக்கிறோம். பாடம் முடிந்த பிறகு வாசிக்க என்று ஒரு அட்டைப்பெட்டி நிறையப் பழைய புத்தகங்கள் கிடக்கும். எல்லாம் பழைய பேப்பர் கடையில் எடைக்கு எடுத்தவை. போன மாதம் எட்டாம் வகுப்புப் பிள்ளை ஒருத்தி அட்டை போன ஒரு லயன் காமிக்ஸைக் கையில் வைத்துக்கொண்டு வந்து கேட்டாள்: "அண்ணே, இதுல ஒரு ஆம்பளையப் போயி வில்லி வில்லின்னு கூப்பிடுதாவளே, ஏன்?"

சிரித்துவிட்டோம். வில்லி என்பது அவன் பெயர். வில்லி கார்வின். மாடஸ்டி பிளைசியின் கூட்டாளி. கத்தி எறிவதில் கெட்டிக்காரன். அவளை 'இளவரசி' என்றுதான் கூப்பிடுவான். அவள் விடவில்லை. "அப்ப இந்த மாடஸ்டி நல்லவளா, கெட்டவளா? கடத்தல் கூட்டத்துக்குத் தலைவியா இருந்தான்னு போட்டிருக்கு. ஆனா அவதான சண்டை போட்டு எல்லாரையும் காப்பாத்துதா?"

அன்றைக்கு எங்களிடம் சரியான பதில் இல்லை. அதற்குப் பிறகு மூன்று வாரமாக வகுப்பு முடிந்ததும் இதே பேச்சாகத்தான் இருக்கிறது. அதை உங்களிடமும் சொல்லலாம் என்று எழுதுகிறோம்.

எங்களில் ஐம்பதைத் தொட்டவர்களுக்கு மாடஸ்டி பழைய சிநேகிதி. சிவகாசி எங்களுக்குப் பக்கத்து ஊர் மாதிரி. அவர்கள் சிறுவர்களாக இருந்தபோது அங்கிருந்து தெருவுக்கு இரண்டு விதமான தாள் வந்தது. ஒன்று தீப்பெட்டி ஒட்டுகிற தாள். திண்ணையில் பெண்களும் பிள்ளைகளும் உட்கார்ந்து விரலில் பசை காயக் காய ஒட்டினார்கள். விடியுமுன் வண்டி வந்து பிள்ளைகளைத் தீப்பெட்டி ஆலைக்கு ஏற்றிப் போனதெல்லாம் தனியாக எழுத வேண்டிய கதை. இன்னொன்று காமிக்ஸ். முத்து காமிக்ஸ் 1972இல் இரும்புக்கை மாயாவியோடு ஆரம்பித்தது. லயன் காமிக்ஸ் 1984 ஜூலையில் வந்தது. அதன் முதல் இதழே ஒரு பெண் பெயரில்தான்: 'கத்தி முனையில் மாடஸ்டி'. சினிமாவில் கதாநாயகி மரத்தைச் சுற்றி ஓடிக்கொண்டிருந்த காலம். கால்சட்டை போட்ட ஒருத்தி நாலு பேரை அடித்துப் போட்டுவிட்டு நிதானமாக நடந்து போவதைப் பார்த்து வாயைப் பிளந்தோம் என்கிறார்கள்.

மாடஸ்டியின் பூர்வ கதை இது. இரண்டாம் உலகப் போர் முடிகிற நேரம், கிரேக்க நாட்டில் ஒரு அகதி முகாம். அங்கிருந்து ஒரு சிறுமி தப்பிக்கிறாள். ஊர் தெரியாது, பெற்றவர்கள் தெரியாது, பெயர்கூடத் தெரியாது. ஹங்கேரியைச் சேர்ந்த ஒரு கிழட்டுப் பேராசிரியர், அவரும் அகதி, அவளோடு சேர்ந்து அலைகிறார். அவர்தான் எழுத்துச் சொல்லிக் கொடுக்கிறார், மாடஸ்டி என்று பெயரும் வைக்கிறார். பிளைசி என்பதை அவளே பிறகு சேர்த்துக்கொள்கிறாள். வளர்ந்ததும் மொராக்கோவின் டாஞ்சியர் துறைமுகத்தில் ஒரு சின்ன ரவுடிக் கும்பலைக் கையில் எடுத்து, உலகம் பூரா கிளை வைத்த கடத்தல் அமைப்பாக ஆக்குகிறாள். போதைப்பொருளையும் பெண்களை விற்பதையும் மட்டும் தொட மாட்டாள். பணம் போதும் என்றானதும் தொழிலை விட்டுவிட்டு இங்கிலாந்தில் குடியேறுகிறாள். சும்மா இருக்கப் பிடிக்காமல் பிரிட்டிஷ் உளவுத்துறை அதிகாரி டாரண்ட் கேட்கும்போது வேலை செய்து கொடுக்கிறாள். நாம் படித்த கதைகளெல்லாம் இதற்குப் பிறகு நடப்பவை.

இதை எழுதிய பீட்டர் ஓ'டானல் 1942இல் பிரிட்டிஷ் ராணுவத்தில் வானொலிப் பிரிவுச் சிப்பாய். வடக்கு ஈரானில் முகாம் போட்டிருந்தபோது, போருக்குத் தப்பி வந்த ஒரு சிறுமியைப் பார்த்தார். பன்னிரண்டு வயது இருக்கும். தனியாக, ஒரு சின்ன மூட்டையோடு நடந்து வந்தாள். கழுத்தில் ஒரு கயிறு, அதில் ஆணி வைத்துக் கட்டிய மரத்துண்டு. அதுதான் அவளுடைய ஆயுதம். சாப்பாடு கொடுத்தார்கள். சாப்பிட்டாள், பாத்திரத்தைக் கழுவித் திருப்பிக் கொடுத்தாள், சிரித்தாள், போய்விட்டாள். பெயர் கேட்க முடியவில்லை. இருபது வருடம் கழித்து, 1963 மே மாதம், லண்டன் மாலைப் பத்திரிகை ஒன்றில் மாடஸ்டி தொடர் ஆரம்பித்தது. பத்திரிகையில் அந்தத் தொடர் முடிந்தது 2001இல்.

அந்த ஆணிதான் பிள்ளைகளைப் பிடித்துக்கொண்டது. "ஆணி வச்சிருந்தா கெட்டவளா?" என்று ஒருத்தன் கேட்டான். "தனியா நடந்தா வேற என்ன செய்வா?" என்று இன்னொருத்தி பதில் சொல்லிவிட்டாள். எங்களுக்கு வேலை வைக்கவில்லை.

1984 ஜூலை என்பது இலங்கையில் 1983 கறுப்பு ஜூலை நடந்து சரியாக ஒரு வருடம். ராமேசுவரத்தில் படகுகள் வந்துகொண்டிருந்தன, மண்டபத்தில் முகாம் நிரம்பிக்கொண்டிருந்தது. 'அகதி முகாம்' என்ற சொல்லைச் செய்தித்தாளிலும் மாடஸ்டியிலும் ஒரே நேரத்தில் கற்றுக்கொண்டோம் என்று எங்கள் மூத்த தோழர் சொன்னார். அதற்கு மேல் அவர் ஒன்றும் சொல்லவில்லை.

மாடஸ்டியைத் தலையில் தூக்கி வைத்து ஆட வேண்டும் என்றும் நாங்கள் சொல்லவில்லை. அவளை மன்னித்தது யார் என்று பார்க்க வேண்டும். பிரிட்டிஷ் அரசுக்கு அவள் உபயோகமாக இருந்தாள். டாரண்ட் கண்ணை மூடிக்கொண்டார். அகதி முகாமில் பிறந்த எல்லாப் பிள்ளைகளுக்கும் ஒரு டாரண்ட் கிடைப்பதில்லை. ஆனாலும் அவளுக்கு ஒன்று கிடைத்தது. அவள் செய்த குற்றத்தைச் சொல்லுமுன் அவள் எங்கிருந்து வந்தாள் என்று சொல்ல ஒருவர் இருந்தார்.

அது கிடைக்காத ஒருத்தியும் இருக்கிறாள். கல்லூரியில் படிக்கும் எங்கள் தம்பி ஒருவனுக்கு அமெரிக்க காமிக்ஸ் பைத்தியம். 'நிஜமான வில்லி யாரு' என்று பிள்ளைகள் கேட்டபோது அவன்தான் டாக்டர் பாய்சனைக் கொண்டுவந்தான். விஷ வைத்தியர் என்று வைத்துக்கொள்ளுங்கள். வொண்டர் வுமன் கதைகளில் வரும் முதல் சூப்பர் வில்லி. சென்சேஷன் காமிக்ஸ் இரண்டாம் இதழ், அட்டையில் பிப்ரவரி 1942 என்று போட்டிருக்கும். ஜெர்மன் நாஜிகளின் விஷப் பிரிவுக்குத் தலைமை. முகத்தை மூடி அங்கி போட்டிருப்பதால் ஆண் என்றே எல்லோரும் நினைக்கிறார்கள். பிறகு அங்கியைக் கழற்றினால் பெண். மாரு என்ற ஜப்பானிய இளவரசி. அவள் கண்டுபிடித்த மருந்து உள்ளே போனால், சிப்பாய்கள் கொடுத்த கட்டளைக்கு நேர் எதிராக நடப்பார்கள். (இந்த மருந்து இங்கே சில அலுவலகங்களில் ஏற்கெனவே புழக்கத்தில் இருக்கிறது என்று ஒரு தோழர் சொன்னார்.)

அந்த இளவரசி ஏன் அப்படி ஆனாள்? கதையில் இல்லை. ஜப்பான்காரி, எதிரி, போதும். 1941 டிசம்பரில் பேர்ல் ஹார்பர் மீது ஜப்பான் குண்டு போட்டிருந்தது. 1942 பிப்ரவரி 19 அன்று அமெரிக்க ஜனாதிபதி ரூஸ்வெல்ட் போட்ட உத்தரவின் பேரில், ஜப்பானிய வம்சாவளியினர் சுமார் 1,20,000 பேரை வீட்டை விட்டுக் கிளப்பி முள்வேலி முகாம்களில் அடைத்தார்கள். அவர்களில் பெரும்பாலோர் அமெரிக்காவிலேயே பிறந்த குடிமக்கள். கிழவிகள், கைக்குழந்தைகள், பள்ளிக்கூடப் பிள்ளைகள். ஒரு காமிக்ஸால் முகாம் வந்தது என்று நாங்கள் சொல்ல மாட்டோம், அது அசட்டுத்தனம். ஆனால் படத்தில் அங்கிக்குள் ஒளிந்திருந்த அதே முகத்தைத்தான் தெருவில் வீடு வீடாகத் தேடினார்கள்.

இதைவிட முக்கியமான ஒன்றைத் தம்பி சொன்னான். டாக்டர் பாய்சனுக்கு அடுத்து, அதே வருடம் நான்காம் இதழில், இன்னொரு வில்லி வருகிறாள். பரோனஸ் பாலா வான் குந்தர். ஜெர்மன் பிரபுக் குலம், வெள்ளைக்காரி, நாஜி உளவாளி, கொலைகாரி. 1943இல் அவளுடைய கதை திறக்கிறது. அவளுடைய சின்ன மகளை நாஜிகள் பணயமாகப் பிடித்து வைத்துக்கொண்டுதான் அவளை ஆட்டிவைத்தார்களாம். மகளை வொண்டர் வுமன் மீட்டுக் கொடுக்கிறாள். பாலா திருந்தி, நல்லவர்கள் பக்கம் விஞ்ஞானியாகவே ஆகிவிடுகிறாள். மாரு? 1948இல் வில்லிகள் எல்லாம் கூட்டணி போட்டு வருகிற ஒரு கதையில் மறுபடி வருகிறாள், அதே வில்லியாக. போர் முடிந்து மூன்று வருடம் ஆகிவிட்டது. இருவரையும் பெற்றது ஒரே போர், எழுதியதும் ஒரே ஆள், வில்லியம் மௌல்டன் மார்ஸ்டன். ஒருத்திக்கு மகள் இருந்தாள், இன்னொருத்திக்கு அங்கிதான் இருந்தது.

2017இல் வந்த 'வொண்டர் வுமன்' படத்திலும் டாக்டர் மாரு உண்டு. போர் மட்டும் முதலாம் உலகப் போராக மாறிவிட்டது. ஆளும் ஜப்பான்காரி இல்லை. ஆனால் முகத்தில் பாதிக்கு முகமூடி, அதன் கீழே சிதைந்த கன்னம். இனத்தை எடுத்துவிட்டுத் தழும்பை வைத்தார்கள்.

நமக்கு இது புதிதா? தாடகையை எல்லோருக்கும் தெரியும். காட்டில் முனிவர்களைத் தின்கிற அரக்கி. அவள் புருஷன் சுந்தன் அகத்தியரின் கோபத்தில் எரிந்து சாம்பலானான், அதைக் கேட்டு ஆத்திரத்தில் பிள்ளைகளோடு போனவளை அவர் சாபமிட்டு அரக்கியாக்கினார் என்பது எத்தனை பேருக்குத் தெரியும்? கம்பன் மறைக்கவில்லை, சொல்லித்தான் இருக்கிறான். நாங்கள் பார்த்த சிறுவர் படப் புத்தகங்களில் அந்தப் பக்கம் இல்லை. கறுத்த உடம்பும் கோரைப் பல்லும் இருந்தன. "அப்ப அவளும் புருஷனப் பறிகொடுத்தவளா" என்று பிள்ளைகள் கேட்டார்கள். ஆமாம் என்றோம்.

இந்தப் பேச்செல்லாம் கூடத்து வாசலில் உட்கார்ந்து கேட்டுக்கொண்டிருந்தவர் எங்கள் பெரியம்மா. பேத்தியைக் கூட்டிப்போக வருவார். தெருவில் அவருக்கு ஒரு பட்டப்பெயர் உண்டு: ஏழாம் நம்பர். இந்தக் காமிக்ஸ் வில்லிகளுக்கெல்லாம் இருக்கிற மாதிரியே. ஆனால் அவருக்கு அந்தப் பெயரை வைத்தது எந்தக் கதாசிரியரும் இல்லை, ஒரு முதல் தகவல் அறிக்கை. குற்றஞ்சாட்டப்பட்ட பதினான்கு பேரில் அவர் ஏ-7.

தொண்ணூறுகளின் நடுப்பகுதி. அப்போதைய நெல்லை, தூத்துக்குடி மாவட்டங்களில் வாழ்ந்தவர்களுக்கு அந்த வருடங்களை விளக்க வேண்டியதில்லை. இளைய தோழர்களுக்காக: 1995 ஆகஸ்ட் 31 அன்று தூத்துக்குடி மாவட்டம் கொடியங்குளத்துக்குள் நூற்றுக்கணக்கான போலீசார் புகுந்து வீடுகளை நொறுக்கினார்கள். குடிக்கிற கிணற்றில் டீசலும் பூச்சிமருந்தும் ஊற்றப்பட்டதாக மக்கள் சொன்னார்கள். பண்டபாத்திரம், டிவி, தையல் மிஷின், படித்த பிள்ளைகளின் சான்றிதழ் என்று முன்னேற்றத்தின் அடையாளமாக எது இருந்ததோ அதுவெல்லாம் குறியானது. அந்தக் காலத்தின் சூடு எங்கள் பக்கத்திலும் இருந்தது. யாரும் போர் என்று அறிவிக்கவில்லை. இரவில் விளக்கை அணைத்துவிட்டுத் தெரு முனையில் முறை வைத்துக் காவல் இருந்தோம்.

அப்படி ஒரு ராத்திரி கூட்டம் ஒன்று தெருவுக்குள் வந்தது. ஆண்களில் பாதிப் பேர் வெளியூர் வேலைக்குப் போயிருந்தார்கள். பெரியம்மாவும் இன்னும் சில பெண்களும் முனையில் நின்றார்கள். கல் இருந்தது, கரைத்த மிளகாய்ப்பொடி இருந்தது. கூட்டம் திரும்பிப் போயிற்று. அந்த இரவே அவர்கள் கொடுத்த புகார் வழக்காகப் பதிவானது. நாம் கொடுத்த புகார் மூன்றாம் நாள்தான் பதிவானது, அதுவும் வன்கொடுமைத் தடுப்புச் சட்டம் இல்லாமல். பெரியம்மா மீது 147, 148, 294(பி), 324, 506(2). 'கெட்ட வார்த்தைகளால் திட்டி, கல்லால் தாக்கி, கொலை மிரட்டல் விடுத்து.' வழக்கு எட்டு வருடம் இழுத்து எல்லோரும் விடுதலையானார்கள். வாய்தாவுக்கு வாய்தா போன கூலிக்கு யாரும் கணக்கு வைக்கவில்லை.

அந்த அறிக்கையின் நகலைப் பிறகு பலமுறை வாசித்திருக்கிறோம். சம்பவ நேரம் என்ற இடத்தில் இரவு ஒன்பதரை. ஒன்பதரைக்கு முன்னால் உலகமே இல்லை. முந்தின நாள் பேருந்தில் நம் பையன் இருக்கையில் உட்கார்ந்ததற்காக வாங்கிய அடி இல்லை. சாயங்காலம் தெருவுக்குள் விழுந்த முதல் கல் இல்லை. கையில் கல்லோடு ஒருத்தி இருட்டிலிருந்து நேரே தோன்றுகிறாள், டாக்டர் பாய்சன் தோன்றின மாதிரி.

இப்போது எங்கள் தவறு. வழக்கு நடந்தபோது நாங்கள் ஒரு துண்டறிக்கை போட்டோம். 'அப்பாவிப் பெண்கள் மீது பொய் வழக்கு' என்று தலைப்பு. பெரியம்மாவுக்கு வாசித்துக் காட்டினோம். அவருக்கு முகம் சுண்டிவிட்டது.

"யாரு அப்பாவி? நான் எறிஞ்சேம்லா. எறியாட்டி அவனுவ நடு வீட்டுக்குல்லா வந்திருப்பானுவ. அப்பாவின்னு எழுதிருக்கிய, அப்ப நான் ஒண்ணுஞ் செய்யாமலா நின்னேன்?"

வழக்கு நடக்கும்போது அப்படி எழுத முடியாது பெரியம்மா, வக்கீல் திட்டுவார் என்று சமாதானம் சொன்னோம். அது நியாயமான பதில்தான், தற்காப்பு என்று வாதாடவும் சட்டத்தில் வழி இருந்தது, வக்கீல் வேறு வழியைத் தேர்ந்தார். ஆனால் வழக்கு முடிந்து இத்தனை வருடம் ஆகியும் கூட்டங்களில் பேசும்போது நாங்கள் 'அப்பாவிப் பெண்கள்' என்றேதான் சொல்லிக்கொண்டிருந்தோம். போலீசு அவரை வில்லியாக எழுதியது. நாங்கள் ஒன்றும் அறியாத பிள்ளையாக எழுதினோம். அவர் செய்ததை அவரிடமிருந்து பிடுங்கியதில் எங்களுக்கும் பங்கு உண்டு. மாடஸ்டியின் கழுத்திலிருந்து ஆணியைக் கழற்றிவிட்டு, பாவம் அகதிப் பெண் என்று சொல்வது மாதிரி.

இந்த இடத்தில் மாணவத் தோழர்களுக்குக் கொஞ்சம் வேலை விஷயம். எதிர்வழக்கு இன்றைக்கும் இதே வடிவத்தில்தான் வருகிறது. பிரிவு எண்கள் 2024 ஜூலையிலிருந்து பாரதிய நியாய சன்ஹிதாவில் மாறிவிட்டன, வாசகம் மாறவில்லை. பட்டியல் சாதியினர் மீது பொய்யாகவோ கெட்ட நோக்கத்தோடோ வழக்குப் போடுவதே வன்கொடுமை என்று 1989 சட்டத்தின் மூன்றாம் பிரிவிலேயே இருக்கிறது, 2015 திருத்தத்திலும் தொடர்கிறது. அதை எடுத்துச் சொல்ல வேண்டுமானால் சம்பவத்துக்கு முந்தைய நாட்கள் காகிதத்தில் இருக்க வேண்டும். பேருந்தில் அடி விழுந்த அன்றே ஒரு மனு, ஒப்புகைச் சீட்டு, தேதி, நேரம். நாங்கள் அன்றைக்கு அதைச் செய்யவில்லை. 'சின்ன விஷயம்' என்று விட்டோம்.

நெற்கட்டும்செவல் இங்கிருந்து தூரமில்லை. பூலித்தேவன் படையில் இருந்த ஒண்டிவீரனுக்கு 2022இல் தபால்தலை வந்துவிட்டது. "காமிக்ஸ் வந்திருக்கா அண்ணே?" என்று ஒரு பையன் கேட்டான். நாங்கள் பார்த்ததில்லை என்றோம். "அப்ப நாமளே போடுவோம்" என்றான். ஆனால் அந்த எட்டாம் வகுப்புப் பிள்ளை, முதலில் கேள்வி கேட்டாளே அவள், ஒண்டிவீரனை விட்டுவிட்டாள். நோட்டில் கட்டம் போட்டு ஏழாம் நம்பர் பெரியம்மாவை வரைய ஆரம்பித்தாள்.

முதல் கட்டத்தில் பெரியம்மா கையில் கல்லோடு நிற்கிறார், முதுகில் ஒரு துணி பறக்கிறது. கொண்டுபோய்க் காட்டினாள்.

"முதுகுல என்ன ஏட்டி துண்டு? ஈரத்துணியா?"

"அது சும்மா, பவருக்கு."

"எனக்கு எதுக்கு பவரு. அத எடு. சேலையத் தூக்கிச் செருகியிருந்தேன், அதப் போடு." கொஞ்ச நேரம் படத்தையே பார்த்தார். "கல்லுல இருந்து ஏன் ஆரம்பிக்க? பஸ்ஸுல பயல அடிச்சத மொதல்ல போடு."

அழித்துவிட்டு பஸ் வரைந்தாள். மறுநாள் அதையும் காட்டினாள்.

"பஸ் சரிதான். ஆனா அதுக்கு முந்தி தெருக்குழாய்ல ஒரு சண்டை வந்துச்சு. எங்கொடத்த எடுத்து ஓடையில எறிஞ்சானுவ. அதுல்லா மொதல்ல."

குழாய், குடம், ஓடை. மூன்று கட்டம். குடத்தைப் பார்த்ததும் பெரியம்மாவுக்கு அவருடைய அம்மா ஞாபகம் வந்துவிட்டது. குழாய் வருவதற்கு முன்னால் ஊர்க் கிணற்றடியில் யாராவது இறைத்து ஊற்ற மாட்டார்களா என்று அந்த அம்மா மதியம்வரை காத்து நிற்பாராம். இடுப்பில் கைக்குழந்தையாகப் பெரியம்மா.

"அப்ப அதயும் போடணுமா பெரியாச்சி?"

"போடாம? அங்கதான ஆரம்பிக்கி."

அதோடு நாற்பது பக்க நோட்டு தீர்ந்துவிட்டது. திங்கட்கிழமை புது நோட்டு வாங்கித் தருவதாகச் சொல்லியிருக்கிறோம். கோடு போடாததுதான் வேண்டுமாம்.